தந்தை விட்டுச்சென்ற விளையாட்டுப் பெட்டி



சென்ற பள்ளி விடுமுறையில் நாம் ஜொகூர்ப் பாலத்தைக் கடந்து, சிங்கப்பூரில் செம்பவாங்கிலுள்ள நம் தங்கை வீட்டுக்குச் சென்றிருந்தோம். ஒருகாலத்தில் ரப்பர் தோட்டங்களும் பிரிட்டிஷ் கடற்படைத் தளமும் இருந்த ஊர் அது. இன்று எங்கும் அடுக்குமாடி வீடுகள்.

தங்கை மகன் ஒரு பழைய கேம்பாய் பெட்டியை எடுத்து வந்தான். "மாமா, இது அப்பாவுடையது. அவர் பெயரும் எடுத்த புள்ளிகளும் இதில் இருக்கின்றன. அழிந்துபோய்விடுமா?" என்று கேட்டான். அவன் தந்தை காலமாகி இரண்டு ஆண்டுகள் ஆகின்றன. கடைக்காரர் ஒருவர், இதைத் தூக்கிப்போட்டுவிட்டு ஆயிரம் விளையாட்டுகள் அடங்கிய அட்டையை மலிவாக வாங்கிக்கொள் என்றாராம்.

நேயர்களே, கேம்பாய் 1989இல் வெளிவந்தது. இப்போது உற்பத்தியில் இல்லை. அதில் செருகும் கேட்ரிட்ஜில் விளையாட்டு ஒரு சில்லில் பதிந்திருக்கும். நாம் எடுத்த புள்ளிகளோ வேறொரு சில்லில் இருக்கும். பல கேட்ரிட்ஜ்களில் அதற்கு உயிர் கொடுப்பது பொத்தான் அளவுள்ள ஒரு பேட்டரி. அது தீர்ந்தால் விளையாட்டு நிற்காது, புள்ளிகள்தாம் போய்விடும். பேட்டரியைக் கழற்றினாலும் புள்ளிகளுக்கு அதே கதிதான். ஆகவே முதலில் நகல், பிறகே புதிய பேட்டரி. கேட்ரிட்ஜைக் கணினியுடன் இணைத்துப் படிக்கும் சிறு கருவிகள் கிடைக்கின்றன.

நகலெடுத்ததைக் கணினியில் ஓட்டுவதற்கு எமுலேட்டர் என்னும் மென்பொருள் வேண்டும். துரையின் ஆங்கிலத்தைக் கிராணி தமிழில் சொல்ல, நாம் வேலை செய்ததில்லையா? அதுபோலப் பழைய பெட்டிக்கு எழுதிய கட்டளைகளைப் புதிய கணினிக்கு அது புரியவைக்கிறது. பிறர் நிரலைத் திருடாமல் இப்படியொரு மென்பொருளை ஆக்குவது நியாயமே என்று 2000இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம், சோனி நிறுவனம் கனெக்டிக்ஸ் மீது தொடுத்த வழக்கில் தீர்ப்பளித்தது.

சட்டம் என்ன சொல்கிறது? முறையாக வாங்கிய கணினி நிரலுக்கு உரியவர், மூலம் தொலைந்தாலோ பழுதானாலோ பயன்படுத்த ஒரு காப்பு நகல் எடுக்கலாம் என்று சிங்கப்பூரின் 1987ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டமே இடங்கொடுத்தது. 2021இல் புதுச் சட்டம் வந்தது. ஆனால் அந்த நகல் விற்பதற்கோ, நண்பர்களுக்குப் பங்கிடுவதற்கோ அன்று. பின்னாளைய வட்டுகளில் உள்ள மின்னணுப் பூட்டை உடைப்பதைச் சட்டம் தனியே தடுக்கிறது. உற்பத்தி நின்றதால் உரிமை ஒழிவதில்லை. கைவிட்ட வீடானாலும் சொந்தக்காரர் இருக்கிறார் அல்லவா? அந்த ஆயிரம் விளையாட்டு அட்டையில் அனுமதியின்றி எடுத்தவை இருக்குமாயின், அது திருட்டுச் சரக்கு.

நாம் பையனிடம் சொன்னோம்: "தம்பி, கேட்ரிட்ஜ் உன் அப்பா காசு கொடுத்து வாங்கியது. அதைப் பத்திரமாக வை. புள்ளிகளை முதலில் நகலெடு. இரண்டு இடங்களில் வைத்து, நாளைக் குறித்துவை."

அன்று மாலையே நகலெடுத்தாயிற்று. கணினித் திரையில் தந்தையின் பெயர் தோன்றியது. தங்கை சற்று நேரம் அதையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

நேயர்களே, உங்கள் வீட்டிலும் அப்படியொரு பெட்டி இருக்கலாம். பேட்டரி தீருமுன் எடுத்துப் பாருங்கள்.