பெயர் சொல்ல ஆள் இருக்கும்போதே

 

ஐந்து நிமிஷம்தான் என்று செயலாளர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். மணி அடித்த பிறகும் பேசுகிறவன் நான் என்பது அவருக்குத் தெரியும்!

சென்னையைச் சேர்ந்த ஆவணப்பட இயக்குநர் ஆர்.வி. ரமணியைச் சிலர் அறிந்திருப்பீர்கள். புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்தவர். 2004 டிசம்பர் 26-ஆம் தேதி சுனாமி வந்தபோது, அதைப் படம் பிடித்துக்கொண்டிருந்த அவருடைய காமிரா பாழாகிவிட்டது. கடைசியாக எடுத்த காட்சிகளும் போயின. நாமாக இருந்தால் புதுசு ஒன்று வாங்கிக்கொண்டு அதோடு மறந்திருப்போம். அவரோ, போன காமிராவையும் அதோடு தனக்கிருந்த பந்தத்தையும் வைத்தே 2011-ல் 'மை காமிரா அண்ட் சுனாமி' என்று ஒரு படம் எடுத்தார்.

பிறகு, தொண்ணூறு வயதைக் கடந்த நடன, நாடகக் கலைஞர் பானுமதி ராவைப் பற்றி 'ஓ தட்ஸ் பானு' எடுத்தார். ஞாபகம் நழுவிக்கொண்டிருந்த அந்த அம்மாளோடு உட்கார்ந்து பேசிப் பேசி எடுத்த படம். 68-ஆவது தேசிய விருதுகளில், கதைப்படம் அல்லாத பிரிவில் சிறந்த இயக்குநர் விருது அதற்குக் கிடைத்தது.

இதையெல்லாம் ஏன் சொல்கிறேன்? என் பீரோவில் ஒரு வி.எச்.எஸ். கேசட் இருந்தது. கடைசிப் பரீட்சை முடிந்து தாம்பரம் ஸ்டேஷனில் ஒருவரையொருவர் வழியனுப்பியபோது, நண்பன் ஒருவன் மாமாவின் காமிராவைக் கடன் வாங்கி எடுத்தது. முப்பது வருஷம் நான் அதைத் தொடவே இல்லை. எடுத்தபோது பூஞ்சை பிடித்திருந்தது. ஜப்பானிய நிறுவனம் ஒன்று வி.சி.ஆர். தயாரிப்பதை 2016-லேயே நிறுத்திவிட்டது. எங்கெங்கோ அலைந்து, பதினோரு நிமிஷத்தை மீட்டேன்.

பிளாட்பாரத்தில் ஏழு பேர் நிற்கிறோம். பின்னால் மீட்டர் கேஜ் மின்சார ரயில். அதுவும் 2004-ல் நின்றுபோயிற்று. ஆறு பேரைத் தெரிகிறது. ஏழாவது ஆள் என் தோளில் கைபோட்டுச் சிரிக்கிறான். யார்? தெரியவில்லை! எடுத்தவனைக் கேட்கலாமென்றால் அவன் காலமாகி இரண்டு வருஷம் ஆகிறது.

அன்றுதான் புரிந்தது. காமிரா முகத்தைத்தான் வைத்துக்கொள்கிறது. பெயரை மனுஷன்தான் வைத்துக்கொள்ள வேண்டும். ரமணியிடம் காட்சி இல்லை, சொல்ல ஆள் இருந்தார், படம் வந்தது. என்னிடம் காட்சி இருந்தது, சொல்ல ஆள் இல்லை.

நம் கல்லூரி ஜார்ஜ் டவுனை விட்டுத் தாம்பரத்துக்கு வந்தது 1937-ல். அன்று இந்தக் காட்டுக்குள் நடந்து வந்தவர்களைக் கேட்கலாமென்றால், இன்று நூறு வயதைத் தாண்டியிருப்பார்கள். நம் முறை இன்னும் தாண்டவில்லை.

ஆகவே ஒரே வேண்டுகோள். பரணில் கிடக்கும் கேசட்டுகளையும் ஆல்பங்களையும் அடுத்த கூட்டத்துக்குக் கொண்டு வாருங்கள். சேர்ந்து உட்கார்ந்து பார்ப்போம், பெயர்களை எழுதி வைப்போம். என் பதினோரு நிமிஷம் மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு இதே ஹாலில் ஓடும். அந்த ஏழாவது ஆள் இங்கேயே உட்கார்ந்திருந்தால், தயவுசெய்து என்னைத் திட்டிவிட்டுப் பெயரைச் சொல்லவும்.