கணக்கு யார் கையில்?
(செங்கற்பட்டுக் கூட்டத்தில் பேசியது)

தோழர்களே! பிளாக்செயின் என்பது ஏதோ மந்திரமா என்று நம்மைச் சிலர் கேட்கிறார்கள். மந்திரமுமில்லை, மாயமுமில்லை. 1991-ல் அமெரிக்காவில் ஹேபர், ஸ்டோர்னெட்டா என்னும் இருவர், கம்ப்யூட்டரிலுள்ள பத்திரத்தை ஒருவன் திருத்தினால் கண்டுபிடிப்பதெப்படி என்று யோசித்தார்கள். ஒவ்வொரு பத்திரத்துக்கும் கணக்குப் போட்டு ஒரு முத்திரை எண் எடுத்து, அதை அடுத்ததன் முத்திரையோடு பிணைத்தார்கள். ஓரெழுத்தை மாற்றினாலும் பின்வரும் முத்திரைகள் யாவும் ஒவ்வாமற்போகும். 1995 முதல் அவர்கள் கம்பெனி, அந்தந்த வாரத்து எண்ணை நியூயார்க் டைம்ஸ் பத்திரிகையில் விளம்பரமாய் அச்சிட்டது. வீட்டுக்கு வீடு போய்விட்ட பத்திரிகையை எவன் திருத்துவான்? 2008-ல் வெளியான பிட்காயின் திட்டமும் இவ்வழியில் வந்ததேயாகும்.

பத்திரிகையில்லாத காலத்தில் கல்லே பத்திரிகை. நமது பழைய ஜில்லாவைச் சேர்ந்த உத்திரமேரூரில் 919, 921-ம் வருஷத்துச் சபை விதிகள் கோயிற் சுவரிலேயே இருக்கின்றன. கணக்குக் காட்டாதவனும் அவன் உறவினரும் சபைக்கு வரலாகாதென்பது விதி. நல்ல விதிதான். ஆனால் குடத்தில் பெயர் விழ நிலமும் வேதப்படிப்பும் வேண்டும். உழுதவன் கணக்குக் கேட்க இடமேது?

சங்கிலியும் அப்படித்தான். முதலில் பொய்யை எழுதினால் அந்தப் பொய்யையே அது காக்கும். ஆகவே தோழர்களே, எவர் சொன்னாலும் நம்பிவிடாமல், உங்கள் பட்டாவை நீங்களே வாங்கி வாசித்துப் பாருங்கள்!