முதல் பாடம் சொல்லித் தந்தவர்
ஸ்தொய்கா மிலனோவாவின் வயலின் வாழ்க்கை



ஓர் இசையாசிரியரின் நினைவைப் போற்ற ஏற்பட்ட அறக்கட்டளையின் மேடை இது. இங்கே யாரைப் பற்றிப் பேசுவது என்று எண்ணிப் பார்த்து, நம்மில் பலருக்குப் பழக்கமில்லாத ஒரு பெயரைத் தேர்ந்துகொண்டேன். பல்கேரியாவின் வயலின் கலைஞர் ஸ்தொய்கா மிலனோவா. 1967இல் பிரஸ்ஸல்ஸிலும் 1970இல் லண்டனிலும் நடந்த பெரும் போட்டிகளில் பரிசு பெற்றவர். ஏறத்தாழ 80 லட்சம் மக்களே வாழ்ந்த ஒரு சிறு நாடு உலகத் தரத்தில் ஒரு கலைஞரை எப்படி உருவாக்கியது என்பதற்கு அவர் வாழ்க்கையில் விடை இருக்கிறது. அந்த விடையில் கலைஞருக்கு எவ்வளவு பங்கோ, அவ்வளவு பங்கு ஆசிரியர்களுக்கும் உண்டு.

விளைந்த நிலம்

பல்கேரியா ஐந்து நூற்றாண்டுகள் ஒட்டோமன் ஆட்சியில் இருந்து 1878இல் விடுதலை பெற்றது. அதற்கு முன் அங்கே வில் போட்டு வாசிக்கும் கருவி இல்லாமலில்லை. கிராமத்துத் திருமணங்களிலும் திருவிழாக்களிலும் கதுல்கா என்ற கருவியை நிமிர்த்திப் பிடித்து வில்லால் வாசித்தார்கள். ஏழு எண்ணிக்கையில் ஓடும் ராச்சேனித்சா என்ற ஆட்டத்துக்கு மிஸ்ர சாப்பு கேட்டுப் பழகிய நம் கை தானாகத் தாளம் போடும். இத்தகைய சமனற்ற தாளங்களைத்தான் ஹங்கேரிய இசையமைப்பாளர் பார்டோக் ‘பல்கேரியத் தாளம்’ என்று அழைத்துத் தம் பியானோ படைப்புகளில் கையாண்டார்.

இவ்வளவு இருந்தும், கச்சேரி அரங்கில் வாசிக்கும் ஐரோப்பிய வயலின் மரபு விடுதலைக்குப் பிறகே அங்கே வேர்விட்டது. செக் நாட்டு இசைக்கலைஞர்கள் பலர் வந்து இராணுவ வாத்தியக் குழுக்களை நடத்தினார்கள், பள்ளிகளில் இசை கற்பித்தார்கள். 1921இல் சோஃபியாவில் அரசு இசைக் கல்விக்கழகம் ஏற்பட்டது. அதே ஆண்டு பன்ச்சோ விளாதிகெரோவ் என்ற இளைஞர் எழுதிய வயலின் கன்செர்ட்டோ, அதாவது தனி வயலினும் இசைக்குழுவும் சேர்ந்து வாசிக்கும் படைப்பு, பெர்லினில் அரங்கேறியது. பல்கேரியர் ஒருவர் எழுதிய முதல் வயலின் கன்செர்ட்டோ அதுதான். விடுதலைக்கும் இந்த அரங்கேற்றத்துக்கும் இடையே 43 ஆண்டுகள்தாம். இந்த வேகத்துக்குக் காரணம் அந்நாட்டில் ஊர்தோறும் இருந்த இசையாசிரியர்கள் என்பது என் கருத்து.

தந்தையே குரு

அப்படிப்பட்ட ஓர் ஆசிரியரின் வீட்டில், ஐரோப்பாவில் போர் ஓய்ந்து மூன்று மாதம் ஆனபோது, 1945 ஆகஸ்ட் 5ஆம் நாள் ஸ்தொய்கா பிறந்தார். ஊர் ப்லோவ்திவ், மரித்சா ஆற்றங்கரையில் உள்ள பழமையான நகரம். தந்தை திரெந்தாஃபில் மிலனோவ் வயலின் ஆசிரியர். சிறு குழந்தைகளுக்கு வயலின் தொடங்கிவைப்பதற்கென்றே தனியாக ஒரு முறையை வகுத்தவர்.

வயலின் தொடங்குவது ஏன் அத்தனை கடினம்? வீணையில் இருப்பது போன்ற மெட்டுகள் அதில் கிடையாது. விரல் ஒரு நூலளவு நகர்ந்தாலும் ஸ்வரம் பிசகும். எந்த இடத்தில் ஸ்வரம் இருக்கிறது என்று கண் சொல்லாது, காதுதான் சொல்ல வேண்டும். இடக்கை ஸ்வரத்தைத் தேடும்போதே வலக்கை வில்லை நேராக, ஒரே அழுத்தத்தில் இழுக்க வேண்டும். குழந்தையின் கைக்கேற்றபடி கால் அளவு, அரை அளவு வயலின்கள் உண்டு. ஆனாலும் தோள் இறுகிப்போனாலோ வில் பிடிக்கும் விரல்கள் விறைத்துப்போனாலோ, அந்தப் பழக்கம் பிறகு எத்தனை பெரிய மேதையிடம் போனாலும் எளிதில் விடுவதில்லை. ஆகவே வயலினில் முதல் இரண்டு மூன்று ஆண்டுகளே பின்னால் வரும் அனைத்துக்கும் அடித்தளம். ஸ்தொய்காவுக்கு அந்த ஆண்டுகள் தந்தையின் பார்வையில் கழிந்தன.

மாஸ்கோ

1964இல் அவர் மாஸ்கோ சென்று தாவீத் ஓய்ஸ்த்ராக்கின் மாணவியானார். 1969 வரை அங்கே பயின்றார். ஓய்ஸ்த்ராக் அக்காலத்தின் தலைசிறந்த வயலின் கலைஞர்களில் ஒருவர், 1934 முதல் மாஸ்கோ கன்சர்வேட்டரியில் கற்பித்தவர். அவருடைய சொந்த ஆசிரியரான பியோத்ர் ஸ்தொல்யார்ஸ்கி, ஒடெஸா நகரில் குழந்தைகளுக்கு வயலின் கற்பித்தே புகழ்பெற்றவர். ஆக, இந்தக் குரு பரம்பரையின் இரு கிளைகளிலும் அடியில் நிற்பவர்கள் குழந்தைகளின் ஆசிரியர்கள்.

ஓய்ஸ்த்ராக் தம் சாயலை மாணவர் மீது திணித்தவர் அல்லர். அவருடைய வகுப்பில் அதே காலத்தில் பயின்ற கீடன் கிரேமரின் வாசிப்பையும் மிலனோவாவின் வாசிப்பையும் அடுத்தடுத்துக் கேட்டால், இருவரும் ஒரே ஆசிரியரின் மாணவர் என்று நம்புவது கடினம். கிரேமரின் வில்லில் கூர்மையும் கேள்வியும் இருக்கும். மிலனோவாவின் நாதம் நிறைந்தது, பாடுவது போன்றது, அவசரம் அறியாதது.

ஆசிரியர் இல்லாத ஒரு வாரம்

1967இல் பிரஸ்ஸல்ஸில் பெல்ஜிய அரசி எலிசபெத் பெயரிலான போட்டி நடந்தது. 1937இல் பெல்ஜிய வயலின் மேதை இசாயியின் பெயரில் அது தொடங்கியபோது அதில் முதல் பரிசு பெற்றவர் ஓய்ஸ்த்ராக். இப்போது அவருடைய மாணவர்கள் அதே நகரில் நின்றார்கள்.

இந்தப் போட்டியின் இறுதிச் சுற்று விசித்திரமானது. தேர்வான 12 பேரையும் வாட்டர்லூ அருகிலுள்ள ஓர் இசைமனையில் ஒரு வாரம் தங்கவைப்பார்கள். வெளித்தொடர்பு கிடையாது. அச்சில் வராத புதிய கன்செர்ட்டோ ஒன்றின் பிரதி கையில் தரப்படும். ஆசிரியரின் துணையின்றி அதைத் தாமே படித்து, புரிந்து, வாரம் முடிந்ததும் முழு இசைக்குழுவுடன் மேடையில் வாசிக்க வேண்டும். மாணவரைச் சோதிக்கும் தேர்வு என்று இதைச் சொல்வார்கள். ஆசிரியரைச் சோதிக்கும் தேர்வும் இதுவே. தாம் அருகில் இல்லாதபோதும் நிற்கும்படி மாணவரை வளர்த்திருக்கிறாரா என்பது அந்த ஏழு நாளில் தெரிந்துவிடும்.

முடிவு வந்தது. முதல் பரிசு ரீகா நகரில் பிறந்த ஃபிலிப் ஹிர்ஷ்ஹோர்னுக்கு. இரண்டாம் பரிசு 21 வயது மிலனோவாவுக்கு. மூன்றாம் பரிசு கிரேமருக்கு. முதலிடம் பெற்ற ஹிர்ஷ்ஹோர்ன் மிகச் சில பதிவுகளையே விட்டுவிட்டு 1996இல் மறைந்தார். மூன்றாமிடம் பெற்ற கிரேமர் 1970இல் மாஸ்கோவின் சாய்கோவ்ஸ்கி போட்டியில் வென்று, பின்னர் மேற்கு நாடுகளுக்குச் சென்று உலகப் புகழ் பெற்றார். தரவரிசை வாழ்க்கையைத் தீர்மானிப்பதில்லை என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

லண்டனும் இசைத்தட்டும்

1970இல் லண்டனில் கார்ல் ஃப்ளெஷ் போட்டியில் மிலனோவா முதல் பரிசு வென்றார். கார்ல் ஃப்ளெஷ் ஹங்கேரியில் பிறந்து, வயலின் கற்பிக்கும் கலையைப் பற்றிப் பெரிய நூல் எழுதிய ஆசிரியர். நான்காண்டுகள் கழித்து, 1974இல், அதே போட்டியில் மின்ச்சோ மின்ச்செவ் என்ற இன்னொரு பல்கேரியர் முதலிடம் பெற்றார்.

மிலனோவாவின் கலையை அறிய விரும்புகிறவர்களுக்கு நான் முதலில் சொல்வது, பல்கேரிய அரசின் பல்கன்டோன் நிறுவனத்துக்காக வாசில் ஸ்தெஃபனோவ் நடத்திய வானொலி இசைக்குழுவுடன் அவர் வாசித்த, ரஷ்ய இசையமைப்பாளர் புரோக்கோஃபியேவின் இரு வயலின் கன்செர்ட்டோக்கள். அந்தப் பதிவில் ஓர் ஆழ்ந்த தொடர்ச்சி இருக்கிறது. புரோக்கோஃபியேவ் தம் முதல் வயலின் சொனாட்டாவை ஓய்ஸ்த்ராக்குக்கே அர்ப்பணித்தார். புல்லாங்குழலுக்கு எழுதிய சொனாட்டாவை வயலினுக்கு மாற்றியதும் ஓய்ஸ்த்ராக் கேட்டுக்கொண்டதால்தான். இசையமைப்பாளருடன் அமர்ந்து வேலை செய்தவரிடம் பாடம் கேட்டவர் மிலனோவா. ஏட்டில் எழுத முடியாதவை அந்த வழியாகத்தான் ஒரு தலைமுறையிலிருந்து அடுத்ததற்குப் போகின்றன.

அவருடைய புகழ் கிரேமரின் அளவுக்குப் பரவவில்லை என்பது உண்மை. அன்றைய கிழக்கு ஐரோப்பாவில் வெளிநாட்டுக் கச்சேரிகள் அரசு முகமையின் கையில் இருந்தன. பயிற்சியும் பதிவும் தந்த அதே அரசு, பயணத்துக்கு எல்லையும் போட்டது. இந்த இரண்டையும் சேர்த்தே பார்க்க வேண்டும்.

மறுபக்கத்தையும் சொல்லாவிட்டால் பேச்சு முழுமையாகாது. 1926இல் சோஃபியாவில் பிறந்த வாஸ்கோ அபாஜியேவ் குழந்தை மேதை. தந்தை வயலின் ஆசிரியர், தாய் பியானோ கலைஞர். 1956இல் நாட்டைவிட்டுச் சென்ற அவர், தாய்நாட்டு மேடைகளுக்குத் திரும்பாமலே 1978இல் ஹாம்பர்க்கில் காலமானார். நல்ல ஆசிரியர் கிடைத்தால் மட்டும் போதாது, கலைஞரைத் தாங்கிப்பிடிக்கும் சூழலும் வேண்டும் என்பதை அவர் வாழ்க்கை சொல்கிறது.

இன்று பல்கேரிய வயலின் மரபு எல்லை கடந்து நிற்கிறது. ஆம்ஸ்டர்டாமின் கன்செர்ட்கெபௌ இசைக்குழுவின் முதல் வயலின் இருக்கையில் பல்கேரியரான வெஸ்கோ எஷ்கெனாசி அமர்ந்தார். 1997 வரை பெண்களை உறுப்பினராகச் சேர்க்காதிருந்த வியன்னா ஃபில்ஹார்மோனிக்கில் தலைமை வயலின் கலைஞராக வந்த முதல் பெண், சோஃபியாவில் பிறந்த அல்பேனா தனாய்லோவா.

அவையோரே, நாம் மேடைக்குப் பரிசு தருகிறோம், பட்டம் தருகிறோம், பொன்னாடை போர்த்துகிறோம். நாலு வயதுக் குழந்தையின் கையைப் பிடித்து வில்லை நேராக்கும் ஆசிரியருக்கு என்ன தருகிறோம்? இசைக்காக ஏற்படும் அறக்கட்டளைகள் தம் நிதியில் ஒரு பங்கையாவது ஆரம்ப வகுப்பு ஆசிரியர்களின் ஊதியத்துக்கும், குழந்தைகளுக்கான சிறிய அளவு வயலின்கள் வாங்கவும் ஒதுக்க வேண்டும். ஓர் ஆசிரியர் பெயரில் இயங்கும் இந்த அறக்கட்டளையே அதற்கு வழிகாட்ட வேண்டும் என்று கேட்டு அமைகிறேன்.