இருவட்டிக் கடன்

(தீர்த்தமலையில் நிகழ்த்திய சொற்பொழிவு)



தீர்த்தகிரீசுவரர் மலையடியிற் கூடியிருக்கும் நாம் சற்றுக் கடனைப் பற்றிப் பேசுவோமாக. கூசுதல் வேண்டா, கடனில்லா இல்லம் நம்முள் அரிது.

ஒரு குடும்பத் தலைவர் 60,000 ரூபாய் கடன் வைத்து இறந்தார் எனக் கொள்வோம். ஒரு பகுதிக்கு வட்டி நூற்றுக்கு மாதம் ஒரு ரூபாய். மறுபகுதிக்கு இரண்டு ரூபாய். (நூற்றுக்கு மாதம் இவ்வளவு என்னும் இவ்வழக்கு புதிதன்று; பாஸ்கராசாரியர் 1150இல் இயற்றிய லீலாவதியின் வட்டிக் கணக்குகளும் அவ்வாறே பேசும்.) எதில் எவ்வளவென்பதை மனைவியார் அறியார். வருஷ வட்டி 9,600 என்பது மட்டுமே தெரியும்.

முழுத்தொகையும் ஒரு ரூபாய் வட்டி என்றே வைத்துக்கொள்வோம். வருஷத்திற்கு நூற்றுக்கு 12 வீதம் 7,200 ஆகும். மிகுவது 2,400. இரண்டு ரூபாய் வட்டியிலுள்ள ஒவ்வொரு நூறும் வருஷத்திற்கு 12 ரூபாய் கூடுதலாகக் கேட்குமன்றோ? ஆகவே 2,400ஐ 12ஆல் வகுக்க, 200 நூறுகள்; அதாவது 20,000 ரூபாய். எஞ்சிய 40,000 குறைந்த வட்டிக்கு உரியது.

இனிப் பாருங்கள். இருபதினாயிரத்திற்கும் வட்டி 4,800, நாற்பதினாயிரத்திற்கும் 4,800! கடனில் மூன்றிலொரு பங்கு, வட்டியிற் பாதியை விழுங்குகின்றது.

பெரிய கடனை முதலில் தீர்ப்பதே மானம் என்பார் நம்முள் உளர். அவ்வம்மையார் கையில் 5,000 ரூபாய் சேர்ந்ததாயின், அதனைப் பெரிய கடனிற் செலுத்த, வருஷத்தில் மிஞ்சுவது 600. சிறியதிற் செலுத்த, 1,200.