கடைசிப் பந்துக்கு முன்பு நடந்தது
(பொதட்டூர்பேட்டையில் ஆசிரியர்கள் கூட்டத்தில் ஆற்றிய உரை)



விளையாட்டும் வகுப்பறையும் என்று தலைப்புக் கொடுத்திருக்கிறீர்கள். பொதுவாகப் பேசினால் உங்களுக்கும் சலிப்பு, எனக்கும் சலிப்பு. ஒரே ஒரு இறுதி ஆட்டத்தை எடுத்துக்கொள்கிறேன். 2021 நவம்பர் 22, தில்லி அருண் ஜெட்லி மைதானம். சையத் முஷ்டாக் அலி கோப்பைக்காகத் தமிழ்நாடும் கர்நாடகமும் மோதின. கிரிக்கெட் பார்க்கும் பையனைக் கேளுங்கள், உடனே சொல்வான்: கடைசிப் பந்தில் 5 ரன் தேவை, ஷாருக் கான் சிக்சர் அடித்தார், கோப்பை நமக்கு. அவ்வளவுதான் அவனுக்குத் தெரியும். மீதியை நாம்தான் சொல்ல வேண்டும்.

முதலில் தோல்விகளைச் சொல்லுங்கள். 2015 மார்ச்சில் மும்பை வான்கடே மைதானத்தில் ரஞ்சிக் கோப்பை இறுதி ஆட்டம். தமிழ்நாடு முதல் இன்னிங்ஸில் 134. கர்நாடகம் 762, அதில் கருண் நாயர் ஒருவரே 328. இன்னிங்ஸ் மற்றும் 217 ரன் வித்தியாசத்தில் தோற்றோம். 2019 அக்டோபரில் பெங்களூருவில் விஜய் ஹசாரே கோப்பை இறுதி ஆட்டம். அதிலும் கர்நாடகமே வென்றது. ஐந்து வாரம் கழித்து, டிசம்பர் 1 அன்று, சூரத்தில் முஷ்டாக் அலி கோப்பைக்காக மீண்டும் அதே இரண்டு அணிகள்.

சூரத்தில் நமக்குத் தேவை 181. கடைசி ஓவரில் 13. வீச வந்தவர் கே. கௌதம். முதல் இரண்டு பந்துகளையும் அஸ்வின் எல்லைக்கு விரட்டினார். இனி 4 பந்தில் 5 ரன். முடிந்தது கதை என்றுதான் யாரும் நினைப்பார்கள். ஐந்தாம் பந்தில், 44 ரன் எடுத்திருந்த விஜய் சங்கர் ரன் அவுட். கடைசிப் பந்தில் 3 தேவை, வந்தது 1. ஒரே ரன்னில் தோல்வி.

இரண்டு ஆண்டு கழித்துத் தில்லியில் தமிழ்நாட்டு அணியின் தலைவர் யார்? அதே விஜய் சங்கர். நான் வகுப்பில் இதைச் சொன்னால் இந்த இடத்தில் கொஞ்சம் நிறுத்துவேன். பிள்ளைகளே இரண்டையும் சேர்த்துப் பார்க்கட்டும்.

இப்போது தில்லி ஆட்டத்தின் ஸ்கோர் தாளைக் கரும்பலகையில் எழுதுங்கள். கர்நாடகம் 7 விக்கெட்டுக்கு 151. சாய் கிஷோர் 4 ஓவர் வீசிக் கொடுத்தது 12 ரன், எடுத்தது 3 விக்கெட். நம் பக்கம் ஜெகதீசன் 46 பந்தில் 41. இங்கே ஒரு கணக்குப் போடச் சொல்லுங்கள், ஏழாம் வகுப்புக்குப் போதும். 120 பந்தில் 152 ரன் வேண்டும் என்றால், 46 பந்தில் எவ்வளவு? ஏறக்குறைய 58. அவர் எடுத்தது 41. குறைவு 17. கடைசி ஓவரில் நமக்குத் தேவைப்பட்டது 16!

ஜெகதீசன் மேல்தான் தப்பா? என்னைக் கேட்டால் அவர் மெதுவாகத்தான் ஆடினார். ஆனால் அவரும் சீக்கிரம் ஆட்டமிழந்திருந்தால் கடைசி ஓவர் வரை ஆட்டம் வந்திருக்குமா என்று ஒரு மாணவி எழுந்து கேட்டால், அவளுக்கே முழு மதிப்பெண் கொடுப்பேன். விகிதக் கணக்கு ஒரு விடை தரும்; ஆட்டம் வேறு விடை தரும். இரண்டையும் வைத்து வாதாடட்டும்.

கடைசி ஓவரை வீசியவர் பிரதீக் ஜெயின். முதல் பந்தில் நான்கு ரன் அடித்தவர் பந்துவீச்சாளரான சாய் கிஷோர். 16இல் 4 போக 12. கடைசிப் பந்துக்கு மிச்சம் 5. ஆக நடுவில் 7 ரன் சேர்ந்திருக்கிறது. அந்த ஏழை யாரும் நினைவில் வைப்பதில்லை. அது வராவிட்டால் கடைசிப் பந்து சிக்சரும் தோற்ற அணியின் சிக்சராகவே போயிருக்கும். ஷாருக் கான் 15 பந்தில் 33, ஆட்டமிழக்கவில்லை. அவர் புகழில் எனக்கு ஒரு குறையும் இல்லை.

இன்னொன்றையும் பேசியாக வேண்டும். கர்நாடகம் என்றதும் பெரிய வகுப்புப் பிள்ளைகள் காவிரியைக் கொண்டுவருவார்கள், பேச்சு தடிக்கும். அதட்டி உட்கார வைக்காதீர்கள். சூரத்தில் நம்மைத் தோற்கடித்த ஓவரை வீசிய கௌதம், 2021இல் சென்னை சூப்பர் கிங்ஸ் அணியில் இருந்தார். அதே அணியில் சாய் கிஷோரும் இருந்தார் என்று சொல்லிப் பாருங்கள். நம் பகுதிப் பிள்ளைகளுக்கு இது புரியாத விஷயமும் அல்ல. வீட்டில் தெலுங்கு, பள்ளியில் தமிழ் என்று வளர்கிறவர்கள் இங்கே நிறையப் பேர். நகரியில் மாமா வீடு இருக்கும் பையனுக்கு, எல்லைக்கு அந்தப் பக்கத்து அணி என்றால் அதில் ஆடுவது மாமா மகனாகக்கூட இருக்கலாம். அவனோடு மோதத்தான் வேண்டும், ஜெயிக்கத்தான் வேண்டும். தீபாவளிக்கு அங்கேதான் போகவும் வேண்டும்.

குறுவட்டப் போட்டி முடிந்த மறுநாள், காலை வழிபாட்டுக் கூட்டத்தில் வென்ற அணியை மட்டும் மேடைக்கு அழைக்கிறோம். இறுதி ஆட்டம் வரை போய்த் தோற்றவர்களையும் அழையுங்கள். அந்த ஆட்டத்தின் ஸ்கோர் தாளை அவர்களில் ஒருவரே வாசிக்கட்டும். கபடியோ, கோகோவோ, எதுவானாலும். உடற்கல்வி ஆசிரியர் இல்லாத பள்ளியில் ஸ்கோர் தாளை யார் எழுதுவது என்று முன்வரிசையில் ஒருவர் கேட்கிறார். எட்டாம் வகுப்பில் இரண்டு பேருக்கு ஒரு நோட்டும் பேனாவும் கொடுத்து அணியோடு அனுப்புங்கள் ஐயா, ஆட வாய்ப்புக் கிடைக்காமல் ஓரத்தில் நிற்கிற பிள்ளைகளாகப் பார்த்து.