ஒரு தீவு தன்னைக் கண்டுகொண்ட கதை
(பொன்விழாக் கலைநிகழ்ச்சியில் பங்குத்தந்தை ஆற்றிய உரை)



கலையும் கருவியும் ஊர் ஒற்றுமையும் கைகோத்தால் என்ன விளையும்? கனடா நாட்டின் கிழக்குக் கோடியிலுள்ள ஃபோகோ தீவு இதற்கு நல்லதொரு சான்று.

அது மீனவர் தீவு. 1967-ல் ஏறத்தாழ 5,000 பேர் அங்கே சிதறிக் கிடந்த சிற்றூர்களில் வாழ்ந்தனர். மீன்பிடி நலிந்து வறுமை மிகுந்தது. நியூபவுண்ட்லாந்து மாகாண அரசோ, தொலைதூரச் சிற்றூர்களைக் காலி செய்து, மக்களை வேறிடங்களில் குடியேற்றி வந்தது. இருப்பதா, போவதா என்ற கேள்வி ஃபோகோ மக்கள் முன்னும் நின்றது. ஆனால் கூடிப் பேச வழியில்லை. ஊருக்கு ஊர் பிரிவு. சபைக்குச் சபை தனிக் கோவில், தனிப் பள்ளிக்கூடம்.

அவ்வாண்டு கனடா தேசியத் திரைப்பட வாரிய இயக்குநர் காலின் லோ, மெமோரியல் பல்கலைக்கழக விரிவாக்கத் துறையினருடன் அங்கே சென்றார். 25-க்கும் மேற்பட்ட குறும்படங்கள் உருவாயின. மீனவரின் முறையீடு, சிறுவர் விளையாட்டு, ஊர்ப் பாட்டு, திருமண விருந்து யாவும் படமாயின. அவர்கள் ஒரு நெறியைக் கைக்கொண்டனர். படத்தில் பேசியவரே அதை முதலில் பார்ப்பார். அவர் வேண்டாமென்றால் அப்பகுதி நீக்கப்படும். பின்னரே அதை ஊர் ஊராகத் திரையிட்டனர்.

நேரில் பேசத் தயங்கியவர்கள், அடுத்த ஊரார் பேசுவதைத் திரையில் கேட்டனர். தம் கவலையே அவர்களுடைய கவலையும் எனக் கண்டனர். படங்கள் ஆட்சியாளரிடமும் சென்றன. மீன்வள அமைச்சரின் மறுமொழியும் படமாகித் தீவுக்கு வந்தது.

படமே தீவைக் காத்தது என நாம் சொல்லவில்லை. தீவின் முன்னேற்றக் குழு அதற்கு முன்பே உழைத்து வந்தது. படம் அந்த உழைப்புக்கு நாவானது. மீனவர் கூட்டுறவுச் சங்கம் எழுந்தது. பெரிய படகுகளைக் கட்டினர். நாளடைவில் எல்லாச் சபைப் பிள்ளைகளுக்கும் பொதுப் பள்ளியும் வந்தது. 1992-ல் காட் மீன்பிடிப்புக்கு அரசு தடை விதித்தபோதும் சங்கம் நிலைத்து நின்றது. தீவு காலியாகிவிடவில்லை.

இன்று நம் இளைஞர் ஒவ்வொருவர் கையிலும் படக்கருவி இருக்கிறது. அவர்களுக்கு நாம் சொல்வது இதுவே: மேடையை மட்டும் படம் பிடிக்காதீர்கள். இதுவரை ஒலிபெருக்கி முன் நில்லாத தெருக்கோடிப் பெரியவரையும் பேச விடுங்கள். எடுத்ததை முதலில் அவருக்கே காட்டுங்கள். அவர் இசைந்தபின் அடுத்த தெருவுக்குக் கொண்டு செல்லுங்கள்.