அப்பாவை அழைத்து வருதல்: நெல்லை தங்கராஜ் நினைவாக



2018இல் மாரி செல்வராஜ் இயக்கி, பா. ரஞ்சித் தயாரித்த 'பரியேறும் பெருமாள்' படத்தைப் பார்க்காதவர்கள் இந்த அரங்கில் குறைவு. ஆனால் பரியனின் அப்பாவாக நடித்தவர் யார் என்று கேட்டால் நம்மில் பலர் யோசிப்போம். அவர் நெல்லை தங்கராஜ். 2023 பிப்ரவரியில் காலமானார்.

கல்லூரியில் அப்பாவை அழைத்துவரச் சொல்கிறார்கள். பரியன் முதலில் ஒரு பொய் அப்பாவைக் கூட்டிப்போகிறான். உண்மையான அப்பா கூத்தில் பெண் வேடம் கட்டி ஆடுபவர். பிறகொரு நாள் அவரே கல்லூரிக்கு வருகிறார். சாதித் திமிர் பிடித்த மாணவர்கள் அவரைக் கேலி செய்து வேட்டியை உருவுகிறார்கள். அந்த மனிதர் பட்டப்பகலில், நடுச்சாலையில், நிர்வாணமாக ஓடுகிறார்.

தங்கராஜ் இந்தப் படத்துக்காக வேடம் பழகியவர் அல்ல. பல்லாண்டுகள் பெண் வேடம் கட்டி ஆடிப் பிழைத்த கலைஞர். இரவில் விசிலடித்து ரசிக்கும் ஊர், விடிந்ததும் அதே கலைஞனைக் 'கூத்தாடி' என்று ஏசும். ஓர் ஆணை இழிவுபடுத்த நினைக்கும் சாதி, 'இவன் ஆம்பளையே இல்லை' என்கிறது. பெண்மையை மட்டமாகப் பார்க்கும் புத்தியும் சாதியும் கைகோக்கும் இடம் அது. சில நிமிடங்களே வந்தாலும் தங்கராஜின் உடல் அதை நமக்குக் காட்டிவிட்டது.

அந்தக் காட்சியில் நாம் மாணவர்களை மட்டும் திட்டிவிட்டு நகர முடியாது. நம்மில் பலர் முதல் தலைமுறைப் பட்டதாரிகள். விண்ணப்பப் படிவத்தில் 'தந்தையின் தொழில்' என்ற இடத்தில் 'கூலி' என்று எழுதிவிட்டுக் கடந்தவர்கள். பறையடித்தவரும், கூத்தாடியவரும், சாவுச் சேதி சொல்லப் போனவரும் அந்த ஒற்றைச் சொல்லுக்குள் மறைந்துபோனார்கள். நாமும் பொய் அப்பாவைக் கூட்டிப்போனவர்கள்தாம்.

படம் கொண்டாடப்பட்ட பிறகும் தங்கராஜின் வறுமை தீரவில்லை. அது செய்தியான பிறகே மாவட்ட நிர்வாகமும் எழுத்தாளர்களும் உதவினார்கள். அவர்களுக்கு நன்றி சொல்வோம். ஆனால் ஒரு கலைஞனின் முதுமை, செய்தியாளர் கண்ணில் படுவதைப் பொறுத்தா அமைய வேண்டும்? சினிமாவில் முகம் காட்டாத கூத்துக் கலைஞர்களின் கதி என்ன?

நாம் கதைகளைத் தொகுக்கிறோம், கவிதைகளைத் தொகுக்கிறோம். நம் பாட்டன் ஆடிய ஆட்டத்தை யார் தொகுப்பது? மாணவர்களிடம் ஒரு வேலை கேட்கிறோம். உங்கள் ஊரில் ஆடிய, பாடிய ஒருவரிடம் போய் உட்காருங்கள். யாரிடம் கற்றார், என்ன வேடம் கட்டினார், ஒரு இரவுக்கு என்ன கூலி வாங்கினார் என்று கேட்டு எழுதுங்கள். நாட்டுப்புறக் கலைஞர்கள் நலவாரியத்தில் பதிந்திருக்கிறாரா என்று பாருங்கள். இல்லையென்றால் பதியும்வரை கூட நில்லுங்கள்.

அடுத்த ஆண்டு இந்த மேடைக்கு அவர்களை அழைத்து வாருங்கள். இந்த முறை உண்மையான அப்பாவை.

ஜெய்பீம்.